கொல்வதா, வெளியே எடுப்பதா? தோலில் புழு புகுந்தால் யாருக்கு எந்த வழி

புண்ணில் புழு நெளிவதைப் பார்த்தவுடன் கைக்கு எட்டிய எதையாவது ஊற்றி அதைக் கொன்றுவிட வேண்டும் என்றுதான் எவருக்கும் தோன்றும். அது மனிதரின் காலானாலும் வளர்ப்பு நாயின் காதானாலும் மனம் பதறுவது ஒன்றுபோலத்தான். ஆனால் தோலுக்குள் வாழும் புழுக்களைப் பொறுத்தவரை, புழுவைக் கொல்வதும் நோயைக் குணப்படுத்துவதும் ஒன்றல்ல. ஒரு வகைப் புழுவை உள்ளேயே சாகவிட்டால், அதன் உடல் குழிக்குள் தங்கி வீக்கத்தையும் சீழையும் கொண்டுவரும். இன்னொரு வகையை ஒரு நாள் கூடுதலாக உயிரோடு விட்டாலும் நல்ல சதை பறிபோகும். மூன்றாவது வகையைத் தேடித் தோலைக் கீறினால் புழு அகப்படாது, தழும்பு மட்டுமே மிஞ்சும். ஆகவே எந்த மருந்து சிறந்தது என்று கேட்பதற்கு முன்பே, புழு எங்கே, எந்த நிலையில் இருக்கிறது என்று கேட்க வேண்டியிருக்கிறது. அதற்கு விடை தெரிந்த பிறகுதான் வழிகளை ஒன்றோடொன்று ஒப்பிட முடியும்.

முதலில் உற்றுப் பார்க்க வேண்டியவை

முதல் நிலையில், தோலின் மேல் வேனற்கட்டி போன்ற ஒரு வீக்கம் இருக்கும். அதன் நடுவில் சில மில்லிமீட்டர் அகலத்தில் ஒரு துளை தெரியும். சாதாரணக் கட்டியில் சீழ் முற்றி உடைந்து வடிந்துவிடும். இதில் துளை மூடாமலே இருந்து, அதிலிருந்து நீர்த்த திரவமோ ரத்தம் கலந்த நீரோ கசிந்துகொண்டிருக்கும். உள்ளே ஏதோ அசைவது போன்ற உணர்வும், திடீரென்று ஊசி குத்துவது போன்ற வலியும், குறிப்பாக இரவில், வந்து போகும். துளையின் மேல் ஒரு சொட்டுத் தண்ணீர் விட்டு, நல்ல வெளிச்சத்தில் ஓரிரு நிமிடம் கண்ணெடுக்காமல் பார்த்தால், சிறு குமிழிகள் எழுவது தெரியும். புழுவின் பின்முனை மூச்சு வாங்குவதற்காகத் துளையின் விளிம்புக்கு வரும்போது இரண்டு கரும்புள்ளிகளாகத் தென்படும். லேசாகத் தொட்டால் உடனே உள்வாங்கிக்கொள்ளும். இதைப் பார்க்கத் தவறி, கட்டி என்று எண்ணி ஆன்டிபயாடிக் மாத்திரைகளை மாற்றி மாற்றிக் கொடுப்பது மிகவும் பொதுவாக நடக்கும் தவறு.

இரண்டாம் நிலை, திறந்த புண்ணில் பல புழுக்கள் கூட்டமாக இருப்பது. மனிதர்களில் நீரிழிவால் வந்த கால்புண், படுக்கைப்புண், கவனிக்கப்படாத தலைக்காயம், காது, மூக்கு, வாய் ஆகிய இடங்களில் இது நேர்கிறது. விலங்குகளில் முடி அதை மறைத்துவிடும். ஓரிடத்தில் முடி ஈரமாக ஒட்டிக் கிடந்து, அருகில் போனால் குமட்டும் வாடை அடித்து, அந்த இடத்தையே நாய் ஓயாமல் நக்கிக்கொண்டிருந்தால், முடியை விலக்கிப் பார்க்காமல் இருக்கக் கூடாது. வெளியே தெரியும் ஓட்டை பட்டாணி அளவே இருந்தாலும், தோலுக்கடியில் பெரிய பையளவு இடத்தைப் புழுக்கள் குடைந்திருக்கும்.

மூன்றாம் நிலையில் துளையும் இல்லை, புண்ணும் இல்லை. பாதத்திலோ பிட்டத்திலோ தொடையிலோ சிவந்த மெல்லிய கோடு ஒன்று வளைந்து நெளிந்து, நாளுக்கு நாள் சில மில்லிமீட்டர் முதல் ஓரிரு சென்டிமீட்டர் வரை நீண்டுகொண்டே போகும். அரிப்பு தாங்க முடியாததாக இருக்கும். முன்னிரண்டைப் போல இது ஈயின் புழு அன்று. நாய், பூனைகளின் குடலில் வாழும் கொக்கிப்புழுவின் இளம்புழு, அவற்றின் மலம் கலந்த மணலிலிருந்து மனிதத் தோலுக்குள் நுழைந்து வழி தெரியாமல் அலைவதன் தடம்.

துளையிட்ட கட்டி: கொல்லாமல் எடுப்பதே மேல்

மனிதருக்குக் கட்டி வடிவில் வரும் புழுக்களில் இரண்டு முக்கியமானவை. சஹாராவுக்குத் தெற்கே உள்ள ஆப்பிரிக்காவில் காணப்படும் டும்பு ஈ, மூத்திரமோ மலமோ கலந்த மணலிலும், நிழலில் உலரும் துணிகளிலும் முட்டையிடும். பொரித்த புழு, காயமே இல்லாத தோலைக்கூடத் துளைத்து உள்ளே போய், 8 முதல் 12 நாட்களில் முழு வளர்ச்சி அடைந்து தானாக வெளியேறிவிடும். மெக்சிகோவின் தென்பகுதியிலிருந்து அர்ஜென்டினாவின் வடபகுதி வரை காணப்படும் மனித போட்ஃபிளை என்னும் ஈ நேராக நம்மிடம் வருவதே இல்லை. அது கொசு போன்ற ரத்தம் குடிக்கும் பூச்சியைப் பிடித்து, அதன் வயிற்றில் முட்டைகளை ஒட்டி அனுப்பிவிடும். கொசு நம் மேல் உட்காரும்போது உடல் சூட்டில் முட்டை பொரிந்து, புழு தோலுக்குள் இறங்கும். அங்கே அது 5 முதல் 10 வாரங்கள் தங்கி, ஏறத்தாழ 2 சென்டிமீட்டர் நீளத்துக்கு வளரும். அதன் உடலைச் சுற்றி வரிசை வரிசையாகக் கொக்கி முட்கள் இருப்பதால், தூண்டில் முள்ளைப் போல உள்ளே இறங்குவது எளிது, இழுத்தால் சதையைப் பற்றிக்கொள்ளும். இந்த உடலமைப்பு வேறுபாடுதான் எந்த வழி பலிக்கும் என்பதைப் பெரும்பாலும் தீர்மானிக்கிறது.

பேசாமல் காத்திருப்பது என்பதும் ஒரு வழிதான், அதை எடுத்த எடுப்பில் தள்ளிவிட முடியாது. டும்பு ஈயின் புழு பத்து நாளில் போய்விடும் என்றால், காத்திருப்பதில் பெரிய இழப்பில்லை. போட்ஃபிளை புழுவும் முழுதாக வளர்ந்து விழுந்துவிட்டால் குழி பெரும்பாலும் தானே ஆறும். உள்ளே புழு உயிரோடு இருக்கும்வரை கிருமித்தொற்று அவ்வளவாக வருவதில்லை. தொற்று வருவது பெரும்பாலும் புழு செத்த பிறகும், நகத்தால் நோண்டிய பிறகும்தான். ஆனால் இரண்டு மாதம் வலியோடும் அருவருப்போடும் தூக்கமில்லாமலும் ஒருவரைக் காத்திருக்கச் சொல்வது மருத்துவ நோக்கில் பாதுகாப்பானது என்றாலும் மனித நோக்கில் கடுமையானது என்பதே என் எண்ணம். கண்ணிமை, பிறப்புறுப்பு, உச்சிக்குழி மூடாத குழந்தையின் தலை ஆகிய இடங்களில் காத்திருப்பதற்கே இடமில்லை.

காற்றை அடைப்பது இரண்டாவது வழி. துளையின் மேல் பெட்ரோலியம் ஜெல்லியைத் தடிப்பாகப் பூசி, மேலே துணி வைத்துச் சில மணி நேரம் விட்டால், மூச்சுக்காகப் புழு பின்முனையை வெளியே நீட்டும். அப்போது இரண்டு பக்கத்திலும் கட்டைவிரல்களை வைத்து மெதுவாகக் கீழே அழுத்தி மேலே தள்ளினால், டும்பு ஈயின் புழு பெரும்பாலும் முழுசாக வந்துவிடும். கொழுப்புள்ள பன்றி இறைச்சித் துண்டைத் துளையின் மேல் கட்டிவைப்பதும் இதே நோக்கத்தில்தான். காற்றைத் தேடி மேலே வரும் புழு கொழுப்புக்குள் நுழைந்துவிடும். இந்த முறையின் சிறப்பு, தோலைக் கீற வேண்டியதில்லை என்பது. குறை, போட்ஃபிளை புழு சில வேளைகளில் வெளியே வராமல் உள்ளேயே மூச்சுமுட்டிச் செத்துவிடுகிறது என்பது. செத்தாலும் முட்களின் பிடி தளராது. நகப்பூச்சு, பசை, இறுக்கமான டேப் ஆகியவற்றால் துளையை முழுவதுமாக அடைத்துவிட்டால் புழு வெளியே வர வழியே இல்லை. எனவே ஜெல்லியும் நகப்பூச்சும் ஒரே வேலையைச் செய்வன என்று எண்ணிவிடக் கூடாது. முன்னது புழுவை வெளியே அழைக்கிறது, பின்னது உள்ளேயே புதைக்கிறது.

மருத்துவரிடம் போனால் மூன்றாவது வழி திறக்கிறது. மரத்துப்போகச் செய்யும் லிடோகெயின் மருந்தைக் குழியின் அடியில் செலுத்தினால், திரவத்தின் அழுத்தமே புழுவை மேலே உந்தித் தள்ளிவிடுவது உண்டு. அப்படி வராவிட்டால், அதே மரத்த நிலையில் துளையைச் சற்றே பெரிதாக்கி இடுக்கியால் முழுதாக எடுத்து, குழியைக் கழுவி விடுவார்கள். சில நிமிட வேலைதான். போட்ஃபிளை புழுவுக்கு இதைவிட நம்பகமான வழி இல்லை. வீட்டில் இடுக்கியால் இழுப்பது இதற்கு மாற்று ஆகாது. பாதியில் அறுந்து உள்ளே தங்கும் துண்டு, மாதக்கணக்கில் ஆறாத முடிச்சாக மாறக்கூடும். எடுத்த பிறகு டெட்டனஸ் தடுப்பூசி நிலுவையில் இருக்கிறதா என்று பார்ப்பதும் மருத்துவமனையில் இயல்பாக நடந்துவிடும் காரியம்.

ஒட்டுண்ணிகளைக் கொல்லும் ஐவர்மெக்டின் மாத்திரை போட்டால் போதாதா என்று பலரும் கேட்பார்கள். சதோஷி ஓமுராவுக்கும் வில்லியம் கேம்பெலுக்கும் 2015-இல் நோபல் பரிசு பெற்றுத் தந்த கண்டுபிடிப்பு இந்த மருந்தோடு சேர்ந்தது. ஒட்டுண்ணிப் புழுவால் பார்வை பறிபோகும் ஆற்றுக்குருடு நோயில் அது செய்த நன்மை அளவிட முடியாதது. ஆனால் துளையிட்ட கட்டியில் அதற்கு இரண்டாம் இடம்தான். மருந்து புழுவைக் கொல்லும், வெளியேற்றாது. ஒன்றோ இரண்டோ கட்டிகள் இருக்கும்போது அதனால் லாபமில்லை. கட்டிகள் ஏராளமாக இருக்கும்போதும், கண்ணைச் சுற்றியுள்ள இடங்களைப் போலக் கத்தி வைப்பதே ஆபத்தான இடங்களிலும் மருத்துவர் அதைத் துணையாகச் சேர்த்துக்கொள்வார். மாட்டுக்கும் குதிரைக்கும் தயாரிக்கப்பட்ட மருந்தை அளவைக் குறைத்து மனிதர் எடுத்துக்கொள்வது எந்த நிலையிலும் ஏற்கத்தக்கதன்று.

வளர்ப்பு விலங்குகளில் நாய்க்கு டும்பு ஈ, போட்ஃபிளை இரண்டும் வருவதுண்டு. எடுக்கும் முறையும் மனிதருக்குப் போலவேதான். பூசியதை நாய் நக்கிவிடாதபடி கழுத்தில் கூம்பு மாட்டவேண்டும் என்பது மட்டும் கூடுதல். பூனைக்கு வரும் நிலை வேறு. வட அமெரிக்காவில் முயல், எலி வளைகளின் வாயில் முட்டையிடும் க்யூட்டரிப்ரா ஈயின் புழு, வளையை மோப்பம் பிடிக்கும் பூனையின் மூக்கு, வாய் வழியாகப் புகுந்து, பெரும்பாலும் கழுத்திலும் தாடையடியிலும் கட்டியாக நிற்கிறது. சில வேளைகளில் வழிதவறி மூளைக்கோ கண்ணுக்கோ போய்விடுகிறது. இந்தப் புழுவைப் பிதுக்குவது மற்ற எல்லாவற்றையும்விட ஆபத்தானது, ஏனென்றால் அது உள்ளே நசுங்கினால் கடுமையான ஒவ்வாமை அதிர்ச்சிகூட ஏற்படக்கூடும். பூனைக்கு மயக்கம் கொடுத்து, துளையை விரித்து, புழுவை முழுசாக எடுத்து, குழியைத் தைக்காமல் திறந்தபடியே ஆறவிடுவதுதான் கால்நடை மருத்துவர்கள் கையாளும் முறை.

புழு வைத்த புண்: நேரம்தான் எல்லாம்

திறந்த புண்ணுக்கு வந்தால் மேலே சொன்ன நியாயம் தலைகீழாகிறது. இங்கே புழுவின் உடல் மூடிய குழிக்குள் சிக்கவில்லை. செத்தாலும் கழுவி எடுத்துவிடலாம். உயிரோடு இருக்கும் ஒவ்வொரு மணி நேரமும் அது தின்றுகொண்டிருக்கிறது. ஆகவே இங்கே கொல்வதும் எடுப்பதும் சேர்ந்தே நடக்க வேண்டும்.

புழுக்கள் அழுகிய சதையை மட்டும்தான் தின்னும், புண்ணைச் சுத்தமாக்கும் என்ற நம்பிக்கை பரவலாக இருக்கிறது. அதில் ஒரு பாதி உண்மை. ஆய்வகத்தில் கிருமி நீக்கி வளர்த்த பச்சை ஈயின் புழுக்களை ஆறாப் புண்ணில் வைத்து அழுகலை அகற்றும் சிகிச்சை உண்டு. அமெரிக்காவின் உணவு மற்றும் மருந்து நிர்வாகம் 2004-இல் அதற்கு அனுமதி அளித்தது. ஆனால் அந்த ஈயின் வகை தேர்ந்தெடுக்கப்பட்டது, எண்ணிக்கை கணக்கிடப்பட்டது, ஓரிரு நாளில் எடுத்துவிடுகிறார்கள். தானாக வந்து முட்டையிட்ட ஈ எந்த வகை என்று பார்வையால் சொல்லிவிட முடியாது. திருகுப்புழு ஈக்கள் இரண்டு வகை: அமெரிக்கக் கண்டங்களில் ஒன்று, ஆசியாவிலும் ஆப்பிரிக்காவிலும் மற்றொன்று. இரண்டின் புழுக்களும் உயிருள்ள சதையைத் தின்பவை. அமெரிக்க வகையின் பெண் ஈ புண்ணின் விளிம்பில் ஒரே தடவையில் 200-க்கும் மேற்பட்ட முட்டைகளை அடுக்கிவைக்கும். ஒரு நாளுக்குள் அவை பொரிந்து, தலையைச் சதைக்குள் செலுத்தித் திருகியபடி கூட்டமாகக் கீழே இறங்கும். தொட்டால் வெளியே வராமல் இன்னும் ஆழமாகப் போகும். அந்த வாடைக்கு மேலும் ஈக்கள் வந்து முட்டையிடும். கவனிக்காமல் விட்ட விலங்கு ஓரிரு வாரங்களில் இறந்துவிடக்கூடும். உண்ணி கடித்த இடமும், பிறந்த குட்டியின் தொப்புளும்கூட அந்த ஈக்குப் போதும். எனவே புழுவே சுத்தம் செய்யும் என்று காத்திருப்பதை ஒரு வழியாகவே நான் கணக்கில் எடுக்கவில்லை.

மண்ணெண்ணெய், பெட்ரோல், பினாயில், பூச்சிமருந்துத் தூள் ஆகியவற்றை ஊற்றுவது உலகெங்கும் கையாளப்படும் பழைய வழி. மேலே இருக்கும் புழுக்கள் துள்ளி விழுவதைக் கண்டு பலன் கிடைத்ததாகத் தோன்றும். ஆழத்தில் இருப்பவை இன்னும் உள்ளே இறங்கியிருக்கும். திறந்த சதை வெந்துபோயிருக்கும். மீதியை விலங்கு நக்கி விழுங்கியிருக்கும். டர்பன்டைன் எண்ணெயின் நிலை சற்று வேறு. புழுக்களை மூச்சுமுட்டச் செய்து மேலே வரவழைக்க, சில நாடுகளின் மருத்துவமனைகளிலும் கால்நடை மருத்துவமனைகளிலும் அதைச் சிறிதளவு பஞ்சில் நனைத்துச் சிறிது நேரம் வைப்பதுண்டு. கைதேர்ந்தவர் கையில், பெரிய விலங்கின் ஆழமான புண்ணில் அது பயன்படுவது உண்மை. ஆனால் அது திசுவை எரிக்கும், தோல் வழியாகவும் வாய் வழியாகவும் நஞ்சாகும். பூனைக்கும் முயலுக்கும் குட்டிகளுக்கும் அது ஆகாது; கண், மூக்கு, காதின் அருகில் வீட்டில் வைப்பதும் கூடாது. வெதுவெதுப்பான சலைன் நீரைச் சிரிஞ்சில் எடுத்து மூலை முடுக்கெல்லாம் பீய்ச்சிக் கழுவி, இடுக்கியால் ஒவ்வொன்றாகப் பொறுக்குவது மெதுவான வேலைதான், ஆனாலும் திசுவுக்குத் தீங்கில்லாத வழி அதுவே. புண் ஆழமாகவோ வலி மிகுந்தோ இருந்தால் மயக்கம் கொடுக்காமல் அதை ஒழுங்காகச் செய்ய முடியாது. பாதியில் நிறுத்திய சுத்தம் மறுநாள் பழையபடி நிற்கும்.

புழுவைக் கொல்லும் மருந்துகளில் நாய்க்கும் பூனைக்கும் இப்போது தேர்வு விரிந்திருக்கிறது. தெள்ளுப்பூச்சிக்கென்று வந்த நைட்டன்பைரம் மாத்திரை, விழுங்கிய அரை மணி நேரத்திலேயே வேலையைத் தொடங்கிவிடும். சில மணி நேரத்திலிருந்து ஒரு நாளுக்குள் புண்ணின் புழுக்கள் செத்துத் தளர்ந்து, கழுவும்போது எளிதாக வந்துவிடும். நாலு வாரம் நிறைந்து, எடையும் 1 கிலோவைத் தொட்ட குட்டிக்குக்கூடக் கொடுக்கலாம். எந்த நாய் இனத்துக்கும் தனி அச்சம் இல்லை. அதன் குறை, ஒரு நாளில் உடலை விட்டுப் போய்விடுவது. மறுநாள் புதிதாக ஈ முட்டையிட்டால் காப்பாற்றாது. வாந்தி எடுக்கும், சோர்ந்து கிடக்கும் விலங்குக்கு வாய்வழி கொடுப்பதும் கடினம்.

ஐவர்மெக்டின் ஊசி அதற்கு நேர் எதிர்: உடலில் நாட்கணக்கில் தங்கும், மாத்திரை விழுங்க வேண்டியதில்லை, நெடுங்காலமாகப் பழக்கத்தில் இருப்பதால் எங்கும் கிடைக்கும். வேலை செய்வதில் சற்று நிதானம். அதன் பெரிய ஆபத்து நாயின் மரபணுவில் இருக்கிறது. காலி (Collie), ஆஸ்திரேலியன் ஷெப்பர்ட், ஷெட்லேண்ட் ஷீப்டாக் போன்ற இனங்களிலும் அவற்றின் கலப்பிலும் பல நாய்களுக்கு, மருந்து மூளைக்குள் போகாமல் தடுக்கும் புரதம் குறைபாடோடு இருக்கும். புழு வைத்த புண்ணுக்குத் தேவைப்படும் அளவில் ஐவர்மெக்டின் கொடுத்தால், அவை தள்ளாடி, எச்சில் ஒழுகி, கண்பாவை விரிந்து, நடுங்கி, நினைவிழந்து போகக்கூடும். இதயப்புழு உள்ள நாய்க்கும் அது பாதுகாப்பானதன்று. வேறொரு நாய்க்குக் குணமான ஊசி என்பதற்காகத் தன் நாய்க்கும் அதே அளவைப் போட்டுவிடுபவர்கள் கவனிக்காமல் விடுவது இதைத்தான்.

உண்ணிக்கும் தெள்ளுக்கும் மாதந்தோறுமோ சில மாதங்களுக்கு ஒருமுறையோ கொடுக்கும் அஃபாக்சோலேனர், லோட்டிலேனர், ஃப்ளூரலேனர் வகை மாத்திரைகள் மூன்றாவது தேர்வு. முதல் இரண்டும் திருகுப்புழுவையும் கொல்வதாக ஆய்வுகள் காட்டியுள்ளன. இவ்வகை மாத்திரைகளின் பலன் ஒரு மாதமாவது நீடிப்பதால், ஈ நிறைந்த இடத்தில் புண் ஆறும்வரை மீண்டும் புழு வைக்காமலிருக்க இவை உதவும். வலிப்பு நோய் உள்ள நாய்க்குக் கொடுப்பதற்கு முன் கால்நடை மருத்துவரிடம் அதைச் சொல்லியாக வேண்டும். இம்மூன்றிலிருந்து தேர வேண்டும் என்றால், வீட்டு நாய்க்கு முதல் நாளில் நைட்டன்பைரத்தையும், அதன் பிறகு மருத்துவர் ஒப்புக்கொண்டால் நீடித்த பலன் தரும் மாத்திரையையும் நான் முன்வைப்பேன். ஆனால் எந்த மாத்திரையும் புண்ணைக் கழுவுவதற்குப் பதிலாகாது. செத்த புழுக்களையும், அவை விட்ட கழிவையும், கறுத்த திசுவையும் எடுக்காவிட்டால் கிருமி புகுந்து, ரத்தத்திலேயே கலந்துவிடும்.

மனிதரின் புண்ணில் புழு என்றால் வீட்டு வைத்தியத்துக்கும் மருத்துவமனைக்கும் இடையே ஒப்பிட ஒன்றுமில்லை. ஈரத் துணியால் புண்ணை மூடி, மேலும் ஈ உட்காராமல் காத்து, அன்றைக்கே போய்ச் சேர வேண்டும். அங்கே சலைனால் கழுவி, எல்லாவற்றையும் எடுத்து, அழுகிய திசுவை வெட்டி, தேவைப்பட்டால் உடல் எடையின் ஒவ்வொரு கிலோவுக்கும் 200 மைக்ரோகிராம் கணக்கில் ஐவர்மெக்டின் கொடுப்பார்கள். கர்ப்பிணிகளுக்கும் 15 கிலோவுக்குக் குறைந்த குழந்தைகளுக்கும் அதைத் தவிர்ப்பது வழக்கம். காது, மூக்கு, கண் ஆகியவற்றில் புழு என்றால் அந்தந்தத் துறை மருத்துவரே எடுக்க வேண்டும், ஏனெனில் மூளைக்கும் அதற்கும் இடையே மெல்லிய எலும்புதான் இருக்கிறது. படுத்த படுக்கையாக இருக்கும் ஒரு முதியவரின் புண்ணில் புழு வைத்ததற்கு வீட்டார் வெட்கப்பட்டு மறைப்பதும் நடக்கிறது. ஓர் ஈ உட்கார்ந்து எழுந்தாலே போதும், முட்டை விழுந்துவிடும். அதில் பார்த்துக்கொள்பவரின் அன்பில் குறை காண ஒன்றுமில்லை, தாமதம்தான் கேடு.

முயல் வளர்ப்பவர்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. பின்புறம் மலம் ஒட்டி ஈரமாக இருக்கும் முயலைப் பச்சை ஈ தேடி வரும். முட்டை ஒரு நாளுக்குள்ளேயே பொரிந்து, அடுத்த ஓரிரு நாளில் முயல் அதிர்ச்சியில் இறந்துவிடுவது அரிதன்று. முழு உடலையும் தண்ணீரில் முக்கினால் முயல் குளிரில் ஒடுங்கும், நனைந்த முடி பாயாகித் தோலோடு ஒட்டிப் புழுவை மறைத்துவிடும். ஆகவே முடியை வெட்டி, காணும் புழுவைப் பொறுக்கி, உடனே மருத்துவரிடம் கொண்டுசெல்வதே சரி. நாய்க்கும் பூனைக்கும் தெள்ளுக்காகப் போடும் ஃபிப்ரோனில் என்னும் மருந்து முயலைக் கொல்லக்கூடியது. நாய்க்கு மேலே தடவும் பெர்மெத்ரின் பூனைக்கு நடுக்கத்தையும் வலிப்பையும் கொண்டுவந்து அதேபோல உயிரைப் பறிக்கக்கூடியது. ஒரே வீட்டில் பல விலங்குகள் இருந்தால் அந்த மருந்துப் பெட்டியைத் தனியாகப் பூட்டிவைப்பது நல்லது. வரும்முன் காப்பதற்கு முயலின் முடியில் தடவும் சைரோமசின், புழு தோலுரித்து வளர்வதைத் தடுத்து 8 முதல் 10 வாரங்கள் பாதுகாப்புத் தரும். ஏற்கெனவே புண்ணில் இருக்கும் பெரிய புழுவை அது கொல்லாது.

நெளியும் கோடு: கத்தியும் பனிக்கட்டியும் வேண்டாம்

கொக்கிப்புழு விஷயத்தில் முடிவு எளிது. கோட்டின் நுனியில் புழு இருக்கும் என்று எண்ணிக் கீறுவதும், திரவ நைட்ரஜனால் உறையவைப்பதும் பெரும்பாலும் வீண், ஏனெனில் புழு கண்ணுக்குத் தெரியும் நுனியைத் தாண்டி ஒன்றிரண்டு சென்டிமீட்டர் முன்னே போயிருக்கும். மனித உடலில் அது வளர முடியாமல் சில வாரங்களிலோ மாதங்களிலோ தானே செத்துவிடும். அது மிகச் சிறியதாகையால் செத்த உடலை எடுக்க வேண்டியதும் இல்லை. அரிப்பைப் பொறுக்க முடியாதவர்களுக்கு ஒரு வேளை ஐவர்மெக்டின் பெரும்பாலும் போதும். அதற்கு மாற்று, நாளொன்றுக்கு 400 மில்லிகிராம் அல்பெண்டசோல் 3 முதல் 7 நாட்கள் வரை. ஒரே வேளையில் முடிவதால் முன்னது வசதி. அது கிடைக்காத இடத்தில் பின்னதும் நன்றாகவே வேலை செய்யும். நோயின் வேர் வளர்ப்பு விலங்கின் குடலில் இருப்பதால், மருந்து உண்மையில் தேவைப்படுவது நாய்க்கும் பூனைக்கும்தான். குட்டி நாய்களுக்கு இரண்டு வார வயதிலிருந்தே பூச்சிமருந்து கொடுப்பதும், குழந்தைகள் விளையாடும் மணலை இரவில் மூடிவைப்பதும், அந்த மணலில் வெறுங்காலோடு நடக்காதிருப்பதும் எந்தக் களிம்பையும்விடப் பலன் தருபவை. டும்பு ஈ உள்ள நாடுகளில் இதற்கு இணையான காப்பு, துணியைத் தையல் ஓரம் வரை சூடாக இஸ்திரி போட்டு முட்டைகளைக் கொல்வது.

எடுத்த புழுவை என்ன செய்வது

எடுத்த புழுவைத் தரையில் போட்டு நகர்ந்துவிடுவது பலரும் செய்வது. முழு வளர்ச்சி அடைந்த புழுவுக்கு மண்தான் வேண்டும். அதில் புதைந்து கூட்டுப்புழுவாகி மீண்டும் ஈயாகப் பறந்துவிடும். மூடியுள்ள சிறு குப்பியில் 70 விழுக்காடு ஆல்கஹாலில் போட்டால் புழு சாகும், உருவமும் கெடாது. எந்த வகை என்று அதைக் கொண்டு நிபுணர்கள் அடையாளம் காண முடியும்.

இது வெறும் ஆவல் சார்ந்ததன்று. எட்வர்ட் நிப்ளிங், ரேமண்ட் புஷ்லாண்ட் ஆகிய இருவரும் வகுத்த முறைப்படி, கதிரியக்கத்தால் மலடாக்கிய ஆண் ஈக்களை விமானத்திலிருந்து கோடிக்கணக்கில் விட்டு, 1954-இல் குராசோ தீவிலும், பின்னர் அமெரிக்க ஐக்கிய நாடுகளிலும், மெக்சிகோவிலும், மத்திய அமெரிக்காவிலும் அமெரிக்க வகைத் திருகுப்புழுவை ஒழித்தார்கள். 1988-இல் லிபியாவில் நுழைந்த அதே ஈயையும் அதே முறையில்தான் விரட்டினார்கள். ஆனால் 2023-இலிருந்து அது மத்திய அமெரிக்கா வழியாக மீண்டும் வடக்கே ஏறி, 2024 நவம்பரில் மெக்சிகோவை எட்டியது. ஒழிக்கப்பட்ட நாடுகளில் திருகுப்புழு அறிவிக்கப்பட வேண்டிய நோய். வெளிநாட்டிலிருந்து வந்த ஒருவரின் உடலிலோ அவர் கூட்டிவந்த நாயின் உடலிலோ எடுத்த புழுவைக் குப்பியோடு மருத்துவரிடம் கொடுத்து, எந்த ஊரிலிருந்து எப்போது வந்தோம் என்பதையும் சொன்னால், அதிகாரிகள் அன்றைக்கே தேடத் தொடங்க முடியும்.

வீட்டில் செய்ய வேண்டியது இன்னும் ஒன்று இருக்கிறது. புழுவெல்லாம் எடுத்தாயிற்று என்று மருத்துவர் சொன்ன பிறகும், அடுத்த மூன்று நாள் காலையும் மாலையும் கட்டைப் பிரித்து, புண்ணின் விளிம்பிலும் சுற்றியுள்ள முடியிலும் வெளிறிய அரிசிக்குருணை அளவு முட்டைக் கொத்துகள் ஒட்டியிருக்கின்றனவா என்று பார்க்க வேண்டும். இருந்தால் அந்த முடியை வெட்டி எடுத்து, புண்ணை மறுபடி கழுவி, ஈ புகாத அறையில் விலங்கை வைத்திருக்க வேண்டும். மூன்றாம் நாளும் புதிதாகப் புழு தென்பட்டால் ஆழத்தில் இன்னும் ஒரு பை திறக்கப்படாமல் இருக்கிறது என்றே கொண்டு, மயக்கம் கொடுத்து மீண்டும் திறந்து பார்க்கும்படி கேட்கலாம்.